14ஆம் எண் எத்தனை மில்லிமீட்டர்?

பாரிஸ் நகரின் 10ஆம் வட்டாரமும் 18ஆம் வட்டாரமும் கூடும் இடத்தில், கார் து நோர் தொடருந்து நிலையத்தை ஒட்டி வடக்கு நோக்கி விரியும் லாச்சப்பல் பகுதியைத் தமிழர்கள் தங்கள் கடைத்தெருவாக அறிவர். ஆனால் அங்குள்ள வீதிப் பலகைகளை நிதானமாகப் படிப்பவருக்கு, அது இரும்பையும் தகட்டையும் கொண்டு உலகை மாற்றியவர்களின் நினைவைத் தாங்கும் பகுதி என்பதும் விளங்கும். தமிழ் உணவகங்கள் வரிசையாக நிற்கும் காய் வீதி, ழான்-பிரான்சுவா காய் (1804–1871) என்பவரின் பெயரைக் கொண்டது. அவர் செம்புத் தகடு தட்டும் கன்னார் தொழிலில் இளமையிலேயே சேர்ந்து, பின்னர் சர்க்கரை ஆலைகளுக்கான கொதிகலன்களையும் நீராவி எஞ்சின்களையும் செய்து குவித்த பெருந்தொழிலதிபராக உயர்ந்தவர். அருகிலுள்ள பெர்தொனே வீதி, தொடருந்துப் பொறியியலாளர் ஒகுஸ்த் பெர்தொனேயின் (1801–1867) பெயரால் அமைந்தது. 1889இல் திறக்கப்பட்ட ஈபிள் கோபுரத்தின் முதல் தளத்தைச் சுற்றிப் பொறிக்கப்பட்ட 72 பெயர்களில் இவ்விருவரின் பெயர்களும் உள்ளன. காய் வீதி சென்று சேரும் பிலிப் து ழிரார் வீதியின் பெயருக்குரியவர் ஆளி நூற்கும் எந்திரத்தைக் கண்டுபிடித்தவர். 1810இல் இலண்டனில் வேறொருவர் பெயரில் காப்புரிமை பெற்ற தகரக் குவளையின் எண்ணமும் அவருடையதே என்று வரலாற்றாசிரியர் சிலர் கருதுகின்றனர். இன்று அவ்வீதிக் கடைகளில் அடுக்கப்பட்டிருக்கும் டின் மீனுக்கும் அந்தப் பெயருக்கும் இடையே இப்படியொரு தொடர்பு இருப்பது பலர் அறியாதது.

இந்த வட்டாரத்தில் ஒரு பாத்திரமோ, உணவகத்திற்கான துருப்பிடிக்காத எஃகு மேசையோ, புகைபோக்கிக் கூண்டோ வாங்க நினைப்பவர், ஒன்றோடொன்று ஒட்டாத மூன்று விதமான எண்களைச் சந்திக்க நேரிடும். தமிழகத்திலிருந்தோ இலங்கையிலிருந்தோ பட்டறை அனுபவத்தோடு வந்தவர் "18 கேஜ் தகடு" என்பார். பிரெஞ்சுக் கடையில் பாத்திரத்தின் அடியில் "18/10" என்று பொறித்திருக்கும். தகடு விற்கும் வணிகரின் விலைப்பட்டியலோ "1,2" என்று மட்டும் கூறும். முதலாவது எண் தடிமனைச் சுற்றிவளைத்துச் சொல்வது. இரண்டாவது எண்ணுக்கும் தடிமனுக்கும் எத்தொடர்பும் இல்லை, ஏனெனில் அது அந்த எஃகில் நூற்றுக்குச் சுமார் 18 பங்கு குரோமியமும் 10 பங்கு நிக்கலும் கலந்திருப்பதைக் குறிக்கும் கலவைக் குறியீடு. மூன்றாவது எண் மட்டுமே தடிமன், அதுவும் மில்லிமீட்டரில். 18/10 என்பதை 18 கேஜ் என்று மயங்கி, மெல்லிய பாத்திரத்தைக் கனமானது என நம்பி வாங்குவது எளிதில் நேரக்கூடிய பிழை. பிரெஞ்சு முறையில் தசமப் புள்ளிக்குப் பதிலாகக் காற்புள்ளி இடுவர் என்பதையும் சேர்த்து நினைவிற்கொண்டால் குழப்பத்தின் பாதி தீரும். மீதிப் பாதி கேஜ் என்ற சொல்லுக்குள் இருக்கிறது, அதை அவிழ்ப்பதற்குக் கம்பி இழுக்கும் பட்டறைக்குத்தான் செல்ல வேண்டும்.

கேஜ் என்பது நீள அலகு அன்று. அது ஒரு வரிசை எண். உலோகக் கம்பியை மெலிதாக்குவதற்கு, படிப்படியாகச் சிறுத்துச் செல்லும் துளைகளையுடைய கெட்டியான தகட்டின் வழியே அதை ஒவ்வொரு துளையாக இழுப்பது மிகப் பழைய முறை. தங்கக் கம்பி இழுக்கும் தட்டாரின் கையில் இன்றும் அத்தகைய துளைத்தகட்டைக் காணலாம். இழுக்கப்படாத பருங்கம்பியைச் சுழி என்று வைத்து, ஒருமுறை இழுத்தது 1, இருமுறை இழுத்தது 2 என எண்ணி வந்ததால், எண் கூடக்கூடக் கம்பி மெலிந்தது. எண் பெரிதானால் தகடு மெலிதாகும் என்ற, புதியவரைத் திகைக்க வைக்கும் வழக்கத்தின் வேர் இதுவே: அது தடிமனை அளந்த எண் அன்று, தொழிலாளியின் இழுப்புகளை எண்ணிய எண்.

ஒரே இழுப்பில் கம்பியை எவ்வளவு வேண்டுமானாலும் மெலிய வைக்க முடியாது. துளையின் மறுபுறத்தில் பிடித்திழுக்கும் விசை, வெளிவந்த மெல்லிய கம்பி தாங்கக்கூடியதைவிட மிகுந்தால் கம்பி அறுந்துவிடும். ஆகவே ஒவ்வொரு படியிலும் குறைக்கக்கூடிய அளவு, அப்போதிருக்கும் பருமனின் ஒரு விகிதமாகவே அமையும். பிரௌன், ஷார்ப் என்னும் அமெரிக்கக் கருவி வல்லுநர்கள் 1857இல் வெளியிட்ட வரிசை இந்த உண்மையைக் கணிதமாக்கியது: அதில் ஒவ்வொரு எண்ணும் அடுத்ததைவிடச் சுமார் 1.123 மடங்கு தடித்தது. ஆறு எண் ஏறினால் தடிமன் ஏறக்குறையப் பாதியாகும். அலுமினியத் தகட்டையும் மின்கம்பியையும் அமெரிக்கர் இன்றும் இந்த வரிசையில்தான் குறிக்கின்றனர்.

பிரித்தானியாவில் நிலைமை அத்தனை ஒழுங்காக இல்லை. பர்மிங்காம், வாரிங்டன், இலங்காஷயர் எனக் கம்பி செய்த ஊர் ஒவ்வொன்றும் தன் வரிசையை வைத்துக்கொண்டது. ஓர் ஊரின் வரிசைக்கே பல வடிவங்கள் புழங்கின. இந்தச் சிக்கலை முடிக்க 1884 மார்ச் 1 முதல் சட்டபூர்வமாக நடைமுறைக்கு வந்ததே, தமிழகப் பட்டறைகளிலும் இலங்கைப் பட்டறைகளிலும் இன்றும் "எஸ்.டபிள்யூ.ஜி." என்று அழைக்கப்படும் வரிசை. அதன்படி 16 கேஜ் 1.63 மில்லிமீட்டர், 18 கேஜ் 1.22, 20 கேஜ் 0.91, 22 கேஜ் 0.71; 24 கேஜ் 0.56, 26 கேஜ் 0.46. இவ்வெண்களைக் கூர்ந்து நோக்கினால் ஒன்று புலப்படும்: 16க்கும் 18க்கும் இடையே 0.41 மில்லிமீட்டர் வேறுபாடு இருக்க, 24க்கும் 26க்கும் இடையே வெறும் 0.10 மில்லிமீட்டரே உள்ளது. "இரண்டு கேஜ் குறைந்தால் என்ன ஆகிவிடும்?" என்ற கேள்விக்கு, எந்த இரண்டு என்று தெரியாமல் விடை கூற இயலாது.

அமெரிக்காவின் எஃகுத் தகட்டு வரிசை வேறொரு வழியில் பிறந்தது. 1893 மார்ச் 3 அன்று அந்நாட்டுப் பேரவை இயற்றிய சட்டம், தகட்டின் எண்ணைத் தடிமனோடு மட்டுமன்றி எடையோடும் கட்டியது. ஒரு சதுர அடி பரப்பும் ஓர் அங்குலத் தடிமனும் உள்ள தேனிரும்பு 40 பவுண்டு எடை கொண்டது என்ற கணக்கில், ஒரு சதுர அடிக்கு இரண்டரைப் பவுண்டு எடையுள்ள தகடு 16ஆம் எண்ணைப் பெற்றது. அதன் தடிமன் சரியாக ஓர் அங்குலத்தில் பதினாறில் ஒரு பங்கு. பின்னர் தேனிரும்பின் இடத்தை எஃகு பிடித்தது. எஃகு சற்று அடர்த்தி மிகுந்தது, உருளைகளில் உருட்டப்படும் தகடு நடுவில் சிறிது தடித்திருக்கும் என்பதற்கும் ஈடு தேவைப்பட்டது. ஆகவே அதே இரண்டரைப் பவுண்டு எடைக்கு எஃகின் தடிமன் 1.52 மில்லிமீட்டராகச் சுருங்கியது. துத்தநாகம் பூசிய தகட்டுக்கு, அக்காலத்துக் கனமான பூச்சையும் சேர்த்து, 16ஆம் எண் 1.61 மில்லிமீட்டர் ஆயிற்று. துருப்பிடிக்காத எஃகோ பழைய பதினாறில் ஒரு பங்கு அங்குலத்தையே வைத்துக்கொண்டு 1.59 மில்லிமீட்டரில் நின்றுவிட்டது. ஒரே நாட்டில், ஒரே எண்ணுக்கு, ஒரே அடிப்படை உலோகத்தில் மூன்று தடிமன்கள் ஏன் என்பதன் காரணம் இதுதான். யாருடைய கவனக்குறைவும் அன்று, எடையை அளவுகோலாக வைத்ததன் விளைவு.

மில்லிமீட்டரை உலகுக்குத் தந்த பாரிஸ் நகரம் இந்தச் சிக்கலுக்கு வெளியே நின்றிருக்க வேண்டும் என்று எவரும் எதிர்பார்ப்பர். 1837ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 1840 சனவரி 1 முதல் பிரான்சில் மெட்ரிக் அளவு கட்டாயமானது. ஆயினும் ஆணி செய்பவரும் கம்பி இழுப்பவரும் எண்களைக் கைவிடவில்லை. 1857இல் அவர்களுக்கென ஒழுங்குபடுத்தப்பட்ட வரிசைக்கு "பாரிஸ் கேஜ்" என்றே பெயர். ஆனால் அதில் இரண்டு நற்குணங்கள் இருந்தன. முதலாவது, எண் கூடினால் பருமனும் கூடும். இரண்டாவது, ஒவ்வோர் எண்ணுக்கும் உரிய பருமன் பத்தில் ஒரு மில்லிமீட்டர் வரை முழுமையாக்கப்பட்டது. 1ஆம் எண் 0.6 மில்லிமீட்டர், 5ஆம் எண் 1.0, 10ஆம் எண் 1.5, 20ஆம் எண் 4.4, 30ஆம் எண் 10. அடைத்த கதவின் பின்னால் இருந்து பேசுவது போன்ற மற்ற வரிசைகளோடு ஒப்பிட்டால், இது நேர்மையான வரிசை.

பாரிஸின் கூரைகளும் தமக்கென ஓர் எண்வரிசையை வைத்திருந்தன. லாச்சப்பலில் நின்று நிமிர்ந்து நோக்கினால் சாம்பல் நீல நிறத்தில் தெரியும் கூரைகள் துத்தநாகத் தகட்டால் வேயப்பட்டவை. நகரக் கூரைகளில் ஏறக்குறைய ஐந்தில் நான்கு பங்கு இவ்வகையைச் சேர்ந்தவை என்பர். அத்தகடுகளை வேயும் தொழிலாளரின் கைத்திறனை யுனெஸ்கோ 2024 டிசம்பரில் மானுட மரபுச்செல்வங்களின் பட்டியலில் சேர்த்தது. அவர்கள் பயன்படுத்தும் 12ஆம் எண் துத்தநாகம் 0.65 மில்லிமீட்டர், 14ஆம் எண் சுமார் 0.8 மில்லிமீட்டர், இங்கும் எண் ஏறினால் தடிமன் ஏறும்.

இப்போது 14 என்ற ஒரே எண்ணை எடுத்துக்கொண்டு, அது எத்தனை வேடம் தரிக்கிறது என்று பார்க்கலாம். பாரிஸின் கூரைத் தொழிலாளியிடம் அது 0.8 மில்லிமீட்டர், அமெரிக்க அலுமினிய வணிகரிடம் 1.63, அமெரிக்க எஃகு வணிகரிடம் சாதாரண எஃகுக்கு 1.90, துருப்பிடிக்காத எஃகுக்கு 1.98, துத்தநாகம் பூசியதற்கு 1.99, சென்னைப் பட்டறையிலும் யாழ்ப்பாணப் பட்டறையிலும் 2.03, பழைய பர்மிங்காம் கணக்கில் 2.11; பாரிஸ் கம்பிக்காரரிடம் 2.2. ஓர் எண், எட்டு விடைகள். எல்லாரும் உண்மையே சொல்கின்றனர். முதல் விடைக்கும் கடைசி விடைக்கும் இடையே ஏறக்குறைய மூன்று மடங்கு வேறுபாடு. தொலைபேசியில் "14ஆம் நம்பர் தகடு அனுப்புங்கள்" என்று சொல்லி முடிக்கும் ஒருவர், உண்மையில் எதையும் சொல்லவில்லை.

லாச்சப்பல் எல்லைக்கு அருகிலேயே, தொடருந்து நிலையத்தின் பக்கவாட்டில், 1854இல் திறக்கப்பட்ட லரிபுவாசியேர் மருத்துவமனை இருக்கிறது. அதற்குள்ளும் இதே கதை நடக்கிறது. ஊசியின் உறையில் "21ஜி" என்றிருந்தால் அதன் வெளிவிட்டம் 0.8 மில்லிமீட்டர், "18ஜி" என்றிருந்தால் 1.2, இவை பர்மிங்காம் கம்பி வரிசையின் வழித்தோன்றல்கள், எண் கூடினால் ஊசி மெலியும். அதே நோயாளிக்குப் பொருத்தப்படும் சிறுநீர்க் குழாயின் எண்ணோ, பாரிஸில் மருத்துவக் கருவிகள் செய்த ஷாரியேர் (1803–1876) என்பவர் வகுத்தது. அந்த எண்ணை மூன்றால் வகுத்தால் விட்டம் மில்லிமீட்டரில் கிடைத்துவிடும், 12ஆம் எண் குழாய் 4 மில்லிமீட்டர். இரண்டு வரிசைகளும் எதிரெதிர்த் திசையில் ஓடுகின்றன. செவிலியர் பயிற்சியில் இவ்வேறுபாட்டை மனப்பாடம் செய்தே ஆக வேண்டியிருக்கிறது.

எண்களின் இந்தக் காட்டிலிருந்து வெளியேறும் வழியும் பாரிஸிலேயே கிடைத்தது. தகட்டின் எண்ணை அறிய அக்காலத்தில் பயன்பட்டது, விளிம்பெங்கும் வெவ்வேறு அகலத்தில் வெட்டுகள் கொண்ட வட்டமான எஃகு வில்லை. எந்த வெட்டில் தகடு இறுக்கமாக நுழைகிறதோ அதுவே அதன் எண். வெட்டுகள் தேய்ந்து அகன்றால் வில்லை பொய் சொல்லும். 1867இல் அமெரிக்காவின் பிரிட்ஜ்போர்ட் பித்தளை நிறுவனம் அனுப்பிய தகடுகளை, தோட்டா செய்யும் நிறுவனமொன்று அளவு சரியில்லை என்று திருப்பி அனுப்பியது. விசாரித்தபோது, விற்றவரின் வில்லைப்படி தகடு சரியாக இருந்தது, வாங்கியவரின் வில்லைப்படி தவறாக இருந்தது, மூன்றாவதாக ஒரு வில்லையைக் கொண்டுவந்து பார்த்தால் அது இரண்டோடும் ஒத்துப்போகவில்லை. குற்றம் தகட்டில் இல்லை, அளவில் இருந்தது. அதே ஆண்டு பாரிஸில் நடந்த உலகப் பொருட்காட்சியில் பிரௌனும் ஷார்ப்பும் ஒரு சிறு கருவியைக் கண்டனர். அது பாரிஸைச் சேர்ந்த ழான் லோரான் பால்மேர் 1848இல் காப்புரிமை பெற்றிருந்த திருகு அளவி. அதைத் தழுவி அவர்கள் அடுத்த ஆண்டிலேயே தகடு அளக்கும் சட்டைப்பைக் கருவி ஒன்றைச் செய்தனர்.

தமிழ்வழியில் இயற்பியல் படித்த எவரும் இக்கருவியை ஆய்வகத்தில் கையாண்டிருப்பர். பாடநூல் அதைத் திருகு அளவி என்கிறது. பட்டறை மைக்ரோமீட்டர் என்கிறது. பிரெஞ்சுத் தொழிலாளி இன்றும் கண்டுபிடித்தவர் பெயராலேயே "பால்மேர்" என்கிறார். அதன் தத்துவம் எளியது, அழகியது. திருகை ஒருமுறை முழுதாகச் சுற்றினால் அது முன்னேறும் தூரம் புரியிடைத் தூரம்; அது 1 மில்லிமீட்டராகவும் தலைக்கோலில் 100 பிரிவுகளும் இருந்தால், ஒரு பிரிவு திருப்பும்போது திருகு நூறில் ஒரு மில்லிமீட்டர் மட்டுமே நகரும். கண்ணுக்குத் தெரியாத சிறு நகர்வை, விரலால் உணரக்கூடிய பெரிய சுழற்சியாக மாற்றித் தருவதே இக்கருவியின் வித்தை. அளக்கும்முன் இரு முகங்களையும் ஒட்டவைத்துச் சுழிப்பிழை உண்டா என்று பார்க்கவேண்டும் என ஆசிரியர் திரும்பத் திரும்பச் சொன்னது தேர்வுக்காக மட்டும் அன்று, 0.8 மில்லிமீட்டர்த் தகட்டில் 0.05 சுழிப்பிழை இருந்தால், அளவு நூற்றுக்கு ஆறு பங்குக்கு மேல் தவறிவிடும்.

எங்கே அளப்பது என்பதும் முக்கியம். தகடு பெரும் உருளைகளுக்கிடையே நசுக்கப்பட்டு உருவாகிறது. முதலில் செஞ்சூட்டிலும், மெல்லிய தகடானால் அதன்பின் குளிர்நிலையிலும் அது உருட்டப்படும். துருப்பிடிக்காத எஃகை 1982 முதல் குளிர்நிலையில் உருட்டிவரும் சேலம் உருக்காலை இத்தொழிலில் தமிழகத்தின் முகவரி. உருட்டும்போது எழும் பேரழுத்தத்தில் எஃகு உருளையே மிகச் சிறிதளவு வளைவதால், தகட்டின் நடுப்பகுதி ஓரத்தைவிட ஓரிரு நூறில் ஒரு மில்லிமீட்டர் தடித்துவிடும். வெட்டிய விளிம்பிலோ பிசிறு நிமிர்ந்து நின்று அளவைக் கூட்டிக் காட்டும். ஆகவே பிசிறை நீக்கி, விளிம்பிலிருந்து சற்று உள்ளே, மூன்று நான்கு இடங்களில் அளந்து பார்ப்பதே முறை. ஒட்டியிருக்கும் பாதுகாப்புப் படலத்தையும் உரித்துவிட வேண்டும்.

இத்தனை நுட்பமாக அளப்பதால் என்ன பயன் என்ற கேள்வி எழலாம். விடை தடிமனின் மூன்றாம் படியில் இருக்கிறது. ஒரு தகட்டைப் பிடித்து வளைக்கும்போது அதன் எதிர்ப்பு தடிமனுக்கு நேர்விகிதத்தில் கூடுவதில்லை, தடிமனின் கனத்திற்கு ஏற்பக் கூடுகிறது: தடிமன் இரு மடங்கானால் விறைப்பு எட்டு மடங்கு. சமையலறை மேசைக்கு 0.8 மில்லிமீட்டருக்குப் பதில் 1.2 மில்லிமீட்டர்த் தகடு போட்டால் எடையும் அதற்கேற்ப விலையும் ஒன்றரை மடங்குதான் ஆகும், விறைப்போ ஏறக்குறைய 3.4 மடங்காகிவிடும். அம்மிக்கல்லையோ மாவரைக்கும் கிரைண்டரையோ தூக்கி வைத்தால் குழியாத மேசைக்கும், ஆறு மாதத்தில் நடுவில் தொய்ந்து தண்ணீர் தேங்கும் மேசைக்கும் உள்ள வேறுபாடு, விரல்நுனிக்குத் தெரியாத அந்த 0.4 மில்லிமீட்டர்தான்.

தடிமனைக் கூட்டாமலே விறைப்பைக் கூட்டும் வழியும் உண்டு, அது வடிவம். டின் மீன் குவளையின் சுவர் சுமார் 0.2 மில்லிமீட்டர்தான், அதன் உடலைச் சுற்றி வளையம் வளையமாக அழுத்தியிருக்கும் வரிகளே அது நசுங்காமல் காக்கின்றன. வன்னியிலும் தஞ்சையிலும் கூரைக்கு இடும் தகரம் அலையலையாக நெளிந்திருப்பதும், புகைபோக்கிக் கூண்டின் பெரிய தகட்டில் குறுக்காக ஓர் எக்ஸ் வடிவ மடிப்பு இட்டிருப்பதும், சோற்றுத் தட்டின் விளிம்பை மடித்துச் சுருட்டியிருப்பதும் இதே அறிவின் வெவ்வேறு பயன்பாடுகள். நல்ல கன்னார், தகட்டின் பஞ்சத்தை மடிப்பால் ஈடுகட்டத் தெரிந்தவர்.

ஆனால் வெப்பத்தின் முன்னால் மடிப்பு உதவாது. அங்கே பருமனே பேசும். லாச்சப்பலில் மாலைவேளையில் நடப்பவரின் காதில் விழும் கொத்துரொட்டியின் தாளம், அடுப்பின்மேல் கிடக்கும் கனமான இரும்புக்கல்லின்மீது இரு தகடுகள் மாறிமாறி மோதுவதால் எழுவது. 60 சென்டிமீட்டர் நீளமும் 40 சென்டிமீட்டர் அகலமும் உள்ள ஒரு கல்லை எடுத்துக்கொள்வோம். அது 10 மில்லிமீட்டர்த் தடிமனானால் ஏறக்குறைய 19 கிலோ எடையிருக்கும். 2 மில்லிமீட்டரானால் 4 கிலோவுக்கும் குறைவு. வெங்காயம், கறிமிளகாய், முட்டை எனக் கால் கிலோ குளிர்ந்த பண்டத்தைக் கல்லில் கொட்டி 90 பாகைக்குச் சூடேற்றச் சுமார் 60 கிலோஜூல் வெப்பம் தேவை. அடுப்பு அந்தக் கணத்தில் உதவாமல் கல் மட்டுமே அவ்வெப்பத்தைத் தருவதாகக் கொண்டால், தடித்த கல்லின் வெப்பநிலை 7 பாகை அளவில் இறங்கும். மெல்லியது 33 பாகை வரை இறங்கிவிடும். தடித்த கல்லில் வெங்காயம் சிவக்கும். மெல்லிய தகட்டில் அது தன் நீரிலேயே அவியும். அதன்மேல், மெல்லிய தகடு ஓரிடத்தில் சூடாகி மற்றோரிடத்தில் குளிர்ந்து, விரிவும் சுருக்கமும் சமமின்றிப்போய்ப் படகுபோல் நெளிந்துவிடும். எண்ணெய் ஒரு மூலையில் தேங்கும். கொத்தின் சுவைக்குக் கை மட்டும் காரணம் அன்று, கல்லின் தடிமனும் காரணம் என்பதைச் சமையற்காரர் கணக்குப் போடாமலே அறிவார்.

துருப்பிடிக்காத எஃகுக்கு இன்னொரு குணமும் உண்டு: சாதாரண எஃகு கடத்தும் வெப்பத்தில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கையே அது கடத்தும். எனவே எவர்சில்வர் பாத்திரத்தின் அடி மெலிதாக இருந்தால், சுடர் படும் இடத்தில் மட்டும் பால் பிடித்துக் கருகும். விலைகூடிய பாத்திரங்களின் அடியில் அலுமினிய வட்டு ஒன்றை இடையே வைத்து ஒட்டியிருப்பது இதற்காகவே. அங்கே மொத்தத் தடிமன் என்று சொல்லப்படுவது பெரும்பாலும் அந்த அடிப்பகுதியினுடையது, சுவரினுடையது அன்று என்பதை வாங்குபவர் கேட்டுத் தெரிந்துகொள்வது நல்லது.

திருகு அளவி கையில் இல்லாதபோது என்ன செய்வது? தமிழகப் பாத்திரக் கடைகளில் எவர்சில்வரைத் தராசில் இட்டு எடைக்கு விற்கும் பழக்கத்தில் ஒரு நல்ல விடை ஒளிந்திருக்கிறது. ஒரு சதுர மீட்டர்ப் பரப்பும் 1 மில்லிமீட்டர்த் தடிமனும் கொண்ட சாதாரண எஃகு 7.85 கிலோ எடையுள்ளது. துருப்பிடிக்காத எஃகு சுமார் 7.9 கிலோ. மடிப்பில்லாத தகடு ஒன்றின் எடையைக் கிலோவிலும் பரப்பைச் சதுர மீட்டரிலும் கண்டு, எடையைப் பரப்பால் வகுத்து, வந்ததை 7.9ஆல் வகுத்தால் தடிமன் மில்லிமீட்டரில் கிடைத்துவிடும். 40 சென்டிமீட்டருக்கு 30 சென்டிமீட்டர் அளவுள்ள தகடு ஒன்று வீட்டுத் தராசில் 760 கிராம் காட்டினால், அதன் பரப்பு 0.12 சதுர மீட்டர், ஆகவே தடிமன் 0.8 மில்லிமீட்டர். விற்பவர் அதை 1.0 என்று சொல்லியிருந்தால், 950 கிராம் இருந்திருக்க வேண்டும். எந்த நாட்டின் எந்தக் கேஜ் வரிசையாலும் குழப்பிவிட முடியாத கணக்கு இது. பாட்டிமார் பாத்திரத்தைக் கையில் தூக்கிப் பார்த்து "கனமில்லையே" என்று திருப்பி வைத்தது, இந்த வகுத்தல் கணக்கைத் தோள் எலும்பால் செய்த செயலே.

ஆகவே லாச்சப்பலில் புதிதாகக் கடை திறப்பவரும், ஊரிலிருந்து பாத்திரங்களை வரவழைப்பவரும், பட்டறையிடம் மேசைக்கோ கூண்டுக்கோ வேலை கொடுப்பவரும் கேஜ் எண்ணை எழுதாமல் விடுவது நல்லது. பழக்கத்தை விட முடியாவிட்டால், எண்ணை எழுதி அதன் பக்கத்திலேயே தடிமனையும் எழுதவேண்டும். "துருப்பிடிக்காத எஃகு, 304 வகைக் கலவை, தடிமன் 1.2 மி.மீ." என்ற ஒரு வரி போதும், துத்தநாகம் பூசிய தகடானால் பூச்சின் எடையையும், சதுர மீட்டருக்கு இருபுறமும் சேர்த்து 275 கிராம் என்பதுபோல், சேர்த்துக்கொள்ள வேண்டும், அது பக்கத்துக்கு ஏறத்தாழ 0.02 மில்லிமீட்டர்ப் பூச்சாகும். சரக்கு வந்து இறங்கியதும், பணம் கொடுக்கும்முன், பாதுகாப்புப் படலத்தின் ஒரு மூலையை உரித்து, விளிம்பிலிருந்து சற்று உள்ளே திருகு அளவியை வைத்து அளந்து பாருங்கள்.